ஜவ்வு தேய்ந்த முழங்காலோடு ஒரு ராஜா!

மூணு மாதத்துக்கு முன்னால், ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம். கிளினிக்கில் கூட்டம் வடிந்து, நான் கை கழுவிக்கொண்டிருந்த நேரம். அப்பாவும் பிள்ளையுமாக இரண்டு பேர் உள்ளே வந்தார்கள். பையனுக்குப் பதினாறு வயது இருக்கும். வலது காலை ஊன்றாமல், அப்பா தோளைப் பிடித்துக்கொண்டு நொண்டி நொண்டி வந்தான். பேன்ட்டைத் தூக்கிப் பார்த்தால் முழங்கால் இளநீர்க்காய் மாதிரி வீங்கியிருக்கிறது!

"ஒண்ணுமில்லைங்க ஐயா... சுளுக்குதான். ஞாயித்துக்கிழமை இவனுக்கு ஃபுட்பால் செலக்‌ஷன். டிஃபென்டர். நல்லா எண்ணெய் போட்டு நீவிவிட்டு ஒரு கட்டு கட்டிவிட்டீங்கன்னா போதும். ரெண்டு மணி நேரம் தாங்கினாப் போதும்யா" என்றார் அப்பா.

தொட்டுப் பார்த்தேன். மூட்டு சுட்டது. மெதுவாக நீட்டச் சொன்னேன். பாதி தூரம் வந்து அப்படியே நின்றுவிட்டது. பூட்டுப் போட்ட மாதிரி! அதற்கு மேல் நீட்ட முடியவில்லை.

"சார், இதுக்கு எண்ணெயும் கிடையாது, கட்டும் கிடையாது. நாளைக்கே எலும்பு டாக்டரைப் பாருங்க. ஞாயித்துக்கிழமை ஆட்டத்தை மறந்துடுங்க" என்றேன்.

பையன் முகம் சுருங்கிப்போச்சு. "சார், லெட்லி கிங்னு இங்கிலாந்துல ஒரு டிஃபென்டர் இருந்தார். முழங்கால்ல ஜவ்வே கிடையாது. பிராக்டீஸே பண்ணமாட்டார். நேரா மேட்ச்சுக்கு வந்து ஆடுவார். அவரால முடிஞ்சுது, என்னால முடியாதா?" என்று கேட்டான்.

எனக்கு அப்போது லெட்லி கிங் யார் என்றே தெரியாது. அதனால் அவனுக்குச் சரியாகப் பதில் சொல்லவும் முடியவில்லை. ஆனால், கேள்வி மனசுக்குள் உட்கார்ந்துகொண்டது. ஒரு வாரம் போல அந்த மனிதரைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படித்தேன். பழைய ஆட்டங்களைப் பேரன் உதவியோடு கம்ப்யூட்டரில் பார்த்தேன். பையன் சொன்னது பொய்யில்லை. ஆனால் பாதிக் கதைதான் அவனுக்குத் தெரிந்திருந்தது. மீதிப் பாதியை நான் இங்கே சொல்கிறேன். மூட்டு வலி உள்ளவர்களும், விளையாடுகிற பிள்ளைகளை வைத்திருப்பவர்களும் கொஞ்சம் நிதானமாகப் படியுங்கள்.

பத்து வினாடிக்குள் ஒரு கோல்!

லெட்லி கிங் 1980 அக்டோபரில் கிழக்கு லண்டனில் 'போ' என்கிற பகுதியில் பிறந்தவர். வசதியான குடும்பம் கிடையாது. சின்ன வயதில் அந்த வட்டாரத்துச் சிறுவர் அணியான சென்ராப்பில் ஆடினார். பின்னாளில் இங்கிலாந்து கேப்டனான ஜான் டெர்ரியும் அதே அணியில் ஆடியவர்தான். கிங் பதினாறு வயதுவாக்கில் வடக்கு லண்டனில் இருக்கும் டாட்டன்ஹாம் ஹாட்ஸ்பர் கிளப்பில் பயிற்சி பெறச் சேர்ந்தார். 1999 மே மாதம், லிவர்பூலுக்கு எதிராக முதல் லீக் ஆட்டம். அப்போது வயது 18. அதற்குப் பிறகு வாழ்நாள் முழுக்க அந்த ஒரே கிளப்புக்குத்தான் ஆடினார். பணம் அதிகம் தருகிறான் என்று அணி தாவுகிற இந்தக் காலத்தில் இதுவே ஒரு அதிசயம்தான்!

2000 டிசம்பரில் பிராட்ஃபோர்டு அணிக்கு எதிரான ஆட்டம். விசில் ஊதிப் பத்து வினாடி முடிவதற்குள் கோல் அடித்துவிட்டார். பிரீமியர் லீகில் அதுதான் மிக வேகமான கோல் என்ற பெருமை, 2019-ல் ஷேன் லாங் என்பவர் முறியடிக்கும்வரை அவர் பெயரிலேயே இருந்தது. ஆனால், அவர் பெயர் நிலைத்தது கோல் அடித்ததால் அல்ல. கோல் விழாமல் தடுத்ததால்!

2006 நவம்பர் 5. டாட்டன்ஹாமும் செல்சியும் மோதுகின்றன. செல்சியின் ஆர்யன் ராபன், உலகத்திலேயே வேகமான ஆட்டக்காரர்களில் ஒருவர், பந்தோடு தனியாக ஓடுகிறார். எதிரே கோல்கீப்பர் மட்டும்தான். பின்னாலிருந்து கிங் துரத்துகிறார். எட்டிப் பிடித்துச் சறுக்கி, ராபன் காலைத் தொடாமல் பந்தை மட்டும் தட்டிவிடுகிறார். டாட்டன்ஹாம் 2-1 என்று ஜெயித்தது. லீக் ஆட்டத்தில் செல்சியை அவர்கள் தோற்கடித்து 16 வருஷம் ஆகியிருந்தது! அந்த ஓட்டத்தை நான் நாலைந்து முறை திரும்பத் திரும்பப் பார்த்தேன். வைத்தியன் கண்ணுக்குப் பந்து தெரியவில்லை. அந்த முழங்கால்தான் தெரிந்தது.

ஏன் என்கிறீர்களா? தாக்கி ஆடுகிறவர் எந்தப் பக்கம் திரும்புவது என்பதைத் தானே முடிவு செய்கிறார். உடம்பு முன்கூட்டியே தயாராகிவிடும். தடுக்கிறவருக்கு அந்த வசதி கிடையாது. எதிராளி திரும்பிய பிறகுதான் இவர் திரும்ப வேண்டும். பின்பக்கமாக ஓடிக்கொண்டே இருப்பார், சட்டென்று நிற்க வேண்டும், ஊன்றிய காலை எடுக்காமலே உடம்பை முறுக்க வேண்டும், எகிறித் தலையால் முட்ட வேண்டும், ஒற்றைக் காலில் இறங்க வேண்டும். ஒரு ஆட்டத்தில் நடுத் தடுப்பாளர் ஓடுகிற தூரம் ஏறத்தாழ பத்து கிலோமீட்டர்தான். மற்றவர்களைவிடக் குறைவுதான். ஆனால் மூட்டைத் தின்பது தூரமல்ல, இந்த முறுக்கலும் பிரேக்கும்தான்!

எல்லாமே ஜவ்வு இல்லை!

நம்ம ஊரில் முழங்காலுக்குள் எது கெட்டாலும் "ஜவ்வு கிழிஞ்சிருச்சு", "ஜவ்வு தேஞ்சிருச்சு" என்கிறோம். ஒரே வார்த்தை. ஆனால் உள்ளே இருப்பது மூன்று தனித்தனி சமாச்சாரம்.

முதலாவது, எலும்பு நுனியில் பூசினாற்போல் இருக்கும் வழுவழுப்பான குருத்தெலும்பு. கார்டிலேஜ் என்பார்கள். கோழிக்கால் சாப்பிடும்போது எலும்பு நுனியில் வெள்ளையாகப் பளபளவென்று இருக்குமே, அதேதான். (சைவக்காரர்கள் மன்னிக்க!) இரண்டாவது, தொடை எலும்புக்கும் கால் எலும்புக்கும் நடுவே, பிறை நிலா வடிவத்தில் உள்பக்கம் ஒன்று, வெளிப்பக்கம் ஒன்றாக இருக்கும் இரண்டு மெத்தைகள். மெனிஸ்கஸ் என்று பெயர். அதிர்ச்சியைத் தாங்குவதும், பாரத்தைப் பங்கிட்டுக் கொடுப்பதும் இதன் வேலை. மூன்றாவது, எலும்பையும் எலும்பையும் கட்டி வைத்திருக்கும் கயிறு போன்ற தசைநார்கள். லிகமென்ட்.

இதில் முக்கியமான விஷயம் என்ன தெரியுமா? கைவிரலில் கத்தி பட்டால் நாலு நாளில் ஆறிவிடுகிறது. காரணம், அங்கே ரத்தம் ஓடுகிறது. எலும்பு உடைந்தால்கூட ஒட்டிக்கொள்கிறது. அங்கேயும் ரத்தம் உண்டு. ஆனால் முதலாவதாகச் சொன்ன குருத்தெலும்புக்கு ரத்த ஓட்டமே கிடையாது! நரம்பும் கிடையாது. மூட்டுக்குள் இருக்கிற பசை போன்ற நீரிலிருந்துதான் அது சாப்பாட்டை உறிஞ்சிக்கொள்கிறது. காலை மடக்கி நீட்டும்போது பஞ்சை அமுக்கி விட்ட மாதிரி அந்த நீர் உள்ளே போய் வெளியே வரும். சித்த மருத்துவத்தில் ஐந்து வகை ஐயம் சொல்வோம். அதில் 'சந்திகம்' என்பது மூட்டில் இருந்து வழுவழுப்பைக் கொடுப்பது. பாளையங்கோட்டையில் படிக்கும்போது மனப்பாடம் செய்து ஒப்பித்தது. அதன் அர்த்தம் முழுசாகப் புரிந்தது பல வருஷம் கழித்துத்தான்.

ரத்தம் இல்லாததால், குருத்தெலும்பு தேய்ந்தால் பழையபடி வளர்வதில்லை. அது நம் அப்பா சேர்த்து வைத்த முதல் மாதிரி. வட்டி வராது. எடுக்க எடுக்கக் குறையும். மெனிஸ்கஸில் வெளி ஓரத்துக்கு மட்டும் ரத்தம் வரும். அங்கே கிழிந்தால் தையல் போட்டு ஒட்ட வைக்க வாய்ப்பு உண்டு. உள் ஓரத்தில் கிழிந்தால் பெரும்பாலும் கிழிந்த துண்டை நறுக்கி எடுப்பதுதான் வழி. எடுத்த அளவுக்கு மெத்தை குறையும். பாரம் குருத்தெலும்பு மேல் விழும். அப்புறம் அது தேயும். இன்னொரு வேடிக்கை, குருத்தெலும்பில் நரம்பு இல்லை என்றேன் அல்லவா? அதனால் தேய ஆரம்பிக்கும்போது வலிக்கவே வலிக்காது. வலி தெரிய வரும்போது பாதி முதல் போயிருக்கும்!

ஆறு நாள் காத்திருப்பு, ஒரு நாள் ஆட்டம்

இனி கிங் கதைக்கு வருவோம். நாங்கள் காய்ச்சல்காரனுக்கு வெப்பக் கணக்கு எழுதி வைப்போம் அல்லவா, அது மாதிரி அவருடைய லீக் ஆட்டக் கணக்கை ஒரு தாளில் எழுதினேன். ஒரு சீசனுக்கு 38 லீக் ஆட்டம். 2004-05-ல் கிங் ஆடியது 38-க்கு 38! ஒன்றுகூட விடவில்லை. அடுத்த சீசன் 26. அடுத்து 21. அதற்கடுத்து 2007-08-ல் வெறும் 4! பிறகு 24, 20, 6, கடைசியாக 2011-12-ல் 21. எண்களைப் பார்த்தாலே நோயாளியின் சரித்திரம் தெரிகிறதா? 24 வயதில் முழு ஆரோக்கியம். 27 வயதில் நாலு ஆட்டம்!

2006 உலகக் கோப்பை, பாதத்தில் எலும்பு முறிந்ததால் கை நழுவிப் போனது. முழங்காலில் அறுவை சிகிச்சைகள் நடந்தன. 2008 பிப்ரவரியில் வெம்ப்ளி மைதானத்தில் லீக் கோப்பை இறுதி ஆட்டம். அந்த சீசனில் மொத்தமே நாலு லீக் ஆட்டம் ஆடியவர், அன்றைக்கு கேப்டனாக இறங்கிக் கூடுதல் நேரம் முழுக்க நின்று ஆடினார். செல்சியை 2-1 என்று வென்று கோப்பையைத் தூக்கினார். அவர் காலத்தில் கிளப் ஜெயித்த ஒரே பெரிய கோப்பை சமாச்சாரம் அதுதான்... இல்லை, 1999 மார்ச்சில் இதே கோப்பையை ஜெயித்திருக்கிறார்கள். ஆனால் அது கிங் முதல் ஆட்டம் ஆடுவதற்குச் சில வாரம் முன்னால்!

2008 அக்டோபரில் ஹாரி ரெட்நாப் மேனேஜராக வந்தார். கிங்கின் முழங்காலைப் பற்றி அவர் வெளிப்படையாகவே பத்திரிகைக்காரர்களிடம் சொன்னார். இதற்குக் குணம் கிடையாது, உள்ளே கார்டிலேஜே இல்லை, ஆபரேஷன் பண்ணவும் அங்கே எதுவும் இல்லை, எலும்பும் எலும்பும்தான் உரசுகிறது, ஒரு ஆட்டம் ஆடினால் வீங்கிவிடும், வீக்கம் வடிய ஒரு வாரம் ஆகும் என்பதுதான் அவர் சொன்னதன் சாரம்.

பையன் சொன்ன 'பிராக்டீஸ் இல்லாத ஆட்டம்' இதுதான். ஆனால் பிராக்டீஸ் இல்லை என்றால் வீட்டில் படுத்துக் கிடந்தார் என்று அர்த்தமில்லை! மற்றவர்கள் மைதானத்தில் ஓடும்போது இவர் நீச்சல் குளத்திலும் உடற்பயிற்சிக் கூடத்திலும் இருந்தார். மார்பளவு தண்ணீரில் நின்றால் உடம்பு எடையில் பெரும் பகுதியைத் தண்ணீரே தாங்கிக்கொள்ளும். மூட்டுக்குப் பாரம் இல்லாமல் தொடைத் தசைக்கும் இதயத்துக்கும் வேலை கொடுக்கலாம். தொடையின் முன்பக்கத் தசை பலமாக இருந்தால் முழங்காலின் அதிர்ச்சியில் ஒரு பங்கை அது வாங்கிக்கொள்ளும். மெத்தை போன பிறகு தசையை மெத்தையாக்கிய வித்தை அது.

இன்னொரு மருந்தும் அவரிடம் இருந்தது. மூளை! எதிராளி எங்கே வருவான், பந்து எங்கே விழும் என்று முன்கூட்டியே கணித்து இரண்டடி முன்னால் போய் நின்றுவிடுவார். இரண்டடி முன்னால் நின்றால் இருபதடி துரத்த வேண்டாம். பிடித்து இழுப்பது, தள்ளுவது கிடையாது. நடுவரிடம் மஞ்சள் அட்டை வாங்கியது மிகமிகக் குறைவு. தியரி ஹென்றி மாதிரி ஆளே, தன்னைப் பிடித்து இழுக்காமல் பந்தை எடுக்கிற தடுப்பாளர் என்று இவரைப் பாராட்டியிருக்கிறார். 2009-10 சீசனில் இந்த மூட்டோடு 20 லீக் ஆட்டம். கிளப் நாலாவது இடத்துக்கு வந்து, முதல் தடவையாக சாம்பியன்ஸ் லீகுக்குத் தகுதி பெற்றது.

இதோடு நிறுத்தியிருந்தால் பையன் சொன்னது சரி என்று நானும் ஒத்துக்கொண்டிருப்பேன்.

2010 ஜூன் 12. தென்னாப்பிரிக்காவில் உலகக் கோப்பை. இங்கிலாந்துக்கு முதல் ஆட்டம், அமெரிக்காவோடு. கிங் களத்தில் இருக்கிறார். வயது 29. உலகக் கோப்பையில் அவருக்கு அதுதான் முதல் ஆட்டம். பாதி நேரம் வரைதான். இடுப்புக்கும் தொடைக்கும் நடுவே தசை பிடித்து வெளியே போனார். அவ்வளவுதான், அவருடைய உலகக் கோப்பை 45 நிமிஷத்தில் முடிந்தது. பார்த்தீர்களா, கெட்டது முழங்கால், மாட்டிக்கொண்டது தொடை இடுக்கு! ஒரு மூட்டு சரியில்லை என்றால் உடம்பு பாரத்தைப் பக்கத்து வீட்டுக்குத் தள்ளும். வலது முழங்கால் வலிக்காரர்களுக்கு இடது இடுப்பு வலிப்பதை நான் தினமும் பார்க்கிறேன்.

2012 ஜூலையில் ஓய்வு அறிவித்தார். வயது 31. தடுப்பாட்டக்காரர்களுக்கு அனுபவம் கனிகிற வயது அது! இத்தாலியின் பாவ்லோ மால்டினி மிலன் கிளப்புக்காக 40 வயது வரை ஆடியவர். கிங் டாட்டன்ஹாமுக்கு ஆடிய மொத்த ஆட்டங்கள் 323, அதில் லீக் 268. இங்கிலாந்துக்காக 21. கணக்குப் போட்டுப் பார்த்தேன். 14 சீசனில் கிளப்புக்கு இருந்த லீக் ஆட்டங்கள் 532. அவர் ஆடியது சரிபாதி! மற்ற பாதியை யாரும் வீடியோவில் போடுவதில்லை. அது நீச்சல் குளத்திலும், ஆஸ்பத்திரிக் கட்டிலிலும், பார்வையாளர் நாற்காலியிலும் போனது.

இவர் ஒருவர்தானா என்றால், இல்லை. அயர்லாந்தின் பால் மெக்ரா என்று ஒருவர். டப்ளினில் அனாதை விடுதிகளில் வளர்ந்தவர். மான்செஸ்டர் யுனைடெட், பிறகு ஆஸ்டன் வில்லா. முழங்காலில் எட்டு ஆபரேஷன்! 1989-ல் வில்லாவுக்கு வந்த பிறகு அவரும் பயிற்சி ஓட்டம் இல்லாமலே ஆடினார். அங்கிருந்த பிசியோதெரபிஸ்ட் ஜிம் வாக்கர் அந்தக் காலுக்கென்று தனியாக ஒரு முறை வகுத்துக் கொடுத்தார். 1993-ல் சக ஆட்டக்காரர்களே ஓட்டுப் போட்டு அவரை ஆண்டின் சிறந்த வீரராகத் தேர்ந்தெடுத்தார்கள். தேசத்துக்காக 83 ஆட்டம். ஆனால், மனசுக்குள் இருந்த வேதனையைக் குடியில் கரைக்கப் பார்த்து அதில் பட்ட பாட்டை அவரே சுயசரிதையில் எழுதியிருக்கிறார். முழங்காலுக்கு ஒரு வாக்கர் கிடைத்தார். அதற்குக் கிடைக்க ரொம்ப நாளாயிற்று.

இங்கிலாந்தில் ஓய்வு பெற்ற தொழில்முறைக் கால்பந்து வீரர்களை ஆராய்ந்து பார்த்ததில், முழங்கால் தேய்மானம் மற்ற ஆண்களைவிட இரண்டு மடங்குக்கு மேல் இருந்தது தெரியவந்தது. நாங்கள் 'அழல் கீல் வாயு' என்று சொல்வது இதைத்தான். அறுபது வயதுப் பாட்டிக்கு வர வேண்டியது முப்பது வயதுக்காரனுக்கு வந்துவிடுகிறது!

நான் செய்த தப்பு

இந்தப் பையனை ஏன் உடனே திருப்பி அனுப்பினேன்? ஒரு பழைய கடன் இருக்கிறது.

நான் பிராக்டீஸ் ஆரம்பித்த மூணாவது வருஷமோ நாலாவது வருஷமோ... கபடி ஆடுகிற ஒரு வாலிபன் வந்தான். இதே மாதிரி வீக்கம், இதே மாதிரி பூட்டிக்கொண்ட முழங்கால். எனக்கு அப்போது கை மேல் ரொம்ப நம்பிக்கை. எண்ணெய் போட்டு நீவினேன், பத்துப் போட்டேன், கட்டுப் போட்டேன். வீக்கம் வடிந்தது. அவனுக்குச் சந்தோஷம், எனக்கு அவனைவிட சந்தோஷம்! மறுபடி ஆடப் போனான். மறுபடி வீங்கியது. மறுபடி என்னிடமே வந்தான். இப்படியே ஏழெட்டு மாதம். கடைசியில் அவன் மாமா வலுக்கட்டாயமாக மதுரைக்கு அழைத்துப் போய்க் காட்டியதில், கிழிந்த மெனிஸ்கஸ் துண்டு உள்ளே மடங்கி மடங்கிக் குருத்தெலும்பைச் சுரண்டித் தின்றிருந்தது தெரிந்தது. ஆரம்பத்திலேயே வந்திருந்தால் தைத்திருக்கலாம் என்றார்களாம். அவன் என்னைத் திட்டவில்லை. "நீங்க வீக்கத்தைக் குறைச்சீங்க ஐயா" என்றான். அதுதான் இன்னும் வலிக்கிறது.

என் வைத்தியம் தப்பா? வைத்தியம் தப்பில்லை, இடம் தப்பு. வீக்கமும் வலியும் வாசலில் நிற்கிற கூர்க்கா மாதிரி. கூர்க்காவைத் தூங்க வைத்துவிட்டால் வீட்டில் திருடன் இல்லை என்று ஆகிவிடுமா? ஆங்கில மருந்துக் கடையில் பேர் சொல்லி வாங்கும் வலி மாத்திரைக்கும் இதே கதைதான். அதிலும் அதை மாதக்கணக்கில் விழுங்கினால் இரைப்பையில் புண், சிறுநீரகத்தில் கோளாறு என்று கூடுதல் செலவு வேறு!

எப்போது எண்ணெய் பாட்டிலைத் தொடக் கூடாது?

விளையாட்டில் அடிபட்ட ஓரிரு மணி நேரத்துக்குள் முழங்கால் மளமளவென்று வீங்கினால் உள்ளே ரத்தம் கசிகிறது என்று சந்தேகப்படணும். மடக்கிய காலை முழுசாக நீட்ட முடியாமல் பூட்டிக்கொண்டாலோ, திரும்பும்போது கால் தனியாக விட்டுப்போகிற மாதிரி மடங்கினாலோ, நாலடிகூட ஊன்றி நடக்க முடியாவிட்டாலோ எலும்பு டாக்டரைப் பார்ப்பதைத் தள்ளிப் போடாதீர்கள். "டக்"கென்று ஒரு சத்தம் கேட்டது என்று பிள்ளை சொன்னால் அதையும் அலட்சியம் பண்ண வேண்டாம். மூட்டு வீங்கிக் காய்ச்சலும் சேர்ந்து அடித்தால் அது சீழ் பிடித்ததாக இருக்கலாம். அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போகணும்.

டாக்டரிடம் போகும்வரை? ஐஸ் கட்டியைத் துணியில் சுற்றி 15 நிமிஷம் ஒத்தடம். நேரடியாகத் தோலில் வைக்கக் கூடாது. தலையணை வைத்துக் காலை உயர்த்தி வையுங்கள். கிரேப் பேண்டேஜ் இறுக்காமல் சுற்றலாம். முதல் இரண்டு மூன்று நாள் சூட்டு ஒத்தடமும் நீவலும் வேண்டவே வேண்டாம். சூடும் நீவலும் கசிவை அதிகமாக்கும்.

அப்போ சித்த வைத்தியத்துக்கு வேலையே இல்லையா டாக்டர் என்கிறீர்களா? ஏன் இல்லை! இறுகிப்போன தொடைத் தசையை இளக்க, பழைய வாத வலியைத் தணிக்க, விறைப்பைக் குறைக்க எங்கள் தைலங்கள் கை கொடுக்கும். முடக்கத்தான் கீரையை அரைத்துத் தோசை வாருங்கள், நன்றாகவே இருக்கும். பிரண்டைத் துவையல் சாப்பிடுங்கள். ஆனால், இதெல்லாம் தேய்ந்த குருத்தெலும்பைத் திரும்ப வளர்க்கும் என்று யாராவது சொன்னால், அது நானாகவே இருந்தாலும், நம்பாதீர்கள். ஆங்கில வைத்தியத்திலும் எலும்பில் நுண் துளை போடுவது, குருத்தெலும்பை எடுத்து ஒட்டுவது என்று வழிகள் உண்டு. எதுவும் பிறந்தபோது இருந்த பழைய பூச்சை அப்படியே தருவதில்லை.

ஏற்கெனவே தேய்மானம் உள்ள வீட்டுப் பெரியவர்களுக்கு கிங்கின் நீச்சல் குளத்தில் ஒரு பாடம் இருக்கிறது. "டாக்டர் ரெஸ்ட் எடுக்கச் சொல்லிட்டார்" என்று நாற்காலியிலேயே உட்கார்ந்துவிடுகிறார்கள். தசை வற்றிப்போகிறது. பாரம் முழுக்க மூட்டில் இறங்குகிறது. குளம் இல்லாவிட்டால் பரவாயில்லை. தரையிலோ கட்டிலிலோ காலை நீட்டி உட்காருங்கள். முழங்காலுக்கு அடியில் ஒரு துண்டைச் சுருட்டி வைத்து, அதை முழங்காலால் கீழ்நோக்கி அழுத்துங்கள். ஐந்து வரை எண்ணி விடுங்கள். காலையில் பத்து முறை, மாலையில் பத்து முறை. பழகிய பிறகு, மல்லாந்து படுத்து, ஒரு காலை மடக்கிக்கொண்டு மற்றக் காலை நீட்டியபடியே ஒரு சாண் உயரம் தூக்கி இறக்குங்கள். எடை கூடுதலாக இருப்பவர்கள் ஒரு கிலோ குறைத்தால், ஒவ்வோர் அடி எடுத்து வைக்கும்போதும் முழங்கால் மேல் விழும் பாரம் ஏறத்தாழ நாலு கிலோ குறைகிறது. எந்தத் தைலமும் இதைச் செய்யாது!

பிள்ளைகள் விஷயத்தில் பெற்றவர்களிடம் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். கிங் ஆடியது, கெட்டுப்போன மூட்டோடு. கெடாமல் காப்பாற்ற முடிந்த மூட்டோடு அல்ல. அவரைச் சுற்றி டாக்டர்கள், பிசியோதெரபிஸ்ட், நீச்சல் குளம், வாரம் முழுக்க ஓய்வு கொடுக்கத் தயாராக இருந்த மேனேஜர் எல்லாம் இருந்தது. அது அவருடைய பிழைப்பு. தெரிந்தே கொடுத்த விலை. பதினாறு வயதுப் பையன் அந்த விலையை ஒரு ஞாயிற்றுக்கிழமைக்காகக் கொடுக்கத் தேவையில்லை. வலியைச் சொன்னால் டீமை விட்டு எடுத்துவிடுவார்கள் என்று பயந்து மறைக்கிற பிள்ளைகள் நிறைய. வீட்டில் "வலிக்குதுப்பா" என்று சொன்னால் திட்டு விழாது என்ற தைரியம் அவர்களுக்கு இருக்கணும்.

அந்தப் பையனுக்கு என்ன ஆச்சு என்று கேட்பீர்களே! ஸ்கேனில் மெனிஸ்கஸின் வெளி ஓரத்தில் கிழிசல். தைத்துவிட்டார்கள். ஆறு மாதம் ஆட்டம் கிடையாது என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லியிருக்கிறார். போன வாரம் அப்பாவோடு வந்திருந்தான். காலை நீட்டித் தூக்கிக் காட்டினான். முன்னைவிடத் தொடை கொஞ்சம் இளைத்துத்தான் இருக்கிறது. நான் எழுதி வைத்திருந்த கிங்கின் ஆட்டக் கணக்குத் தாளை அவனிடம் கொடுத்தேன். விரலை வைத்து ஒவ்வொரு வரியாகப் படித்தான். 4 என்ற எண்ணில் கொஞ்ச நேரம் நின்றான்.

"சார், எனக்கு இப்பவும் கிங் மாதிரி ஆகணும்னுதான் ஆசை. ஆனா, இந்தக் கிங்" என்று 38-க்கு 38 என்று எழுதியிருந்த வரியைக் காட்டினான்.

அப்பா பிரண்டைத் துவையலுக்குப் பக்குவம் கேட்டார். சொல்லி அனுப்பினேன். பிரண்டையை நெய்யில் நன்றாக வதக்காமல் அரைத்துவிடாதீர்கள், நாக்கு அரித்துவிடும்.